ஏரிநாட்டுக் கதை – 17: கடலைத் தொலைத்த வட்டம்

சென்ற இதழில், 1752இல் கிளைவின் படை கோவளம் கோட்டையைப் பிடித்துவிட்டுச் செங்கல்பட்டுக் கோட்டையை நோக்கித் திரும்பியதோடு நிறுத்தினோம். கடலோரத்தில் ஒரு கோட்டை, உள்ளே ஏரிக்கரையில் இன்னொரு கோட்டை. இரண்டையும் கையில் வைத்திருப்பவனுக்கே நடுவில் கிடக்கும் நிலம் சொந்தம் என்பது அன்றைய கணக்கு. அந்த நடுநிலம்தான் பிற்பாடு செங்கல்பட்டு தாலுகா ஆனது. வடக்கே வண்டலூர், கூடுவாஞ்சேரிப் பக்கம், தெற்கே பாலாறு, கிழக்கே வங்கக்கடல். கோவளம், திருப்போரூர், மாமல்லபுரம், திருக்கழுக்குன்றம், சதுரங்கப்பட்டினம் எல்லாம் அதற்குள் அடக்கம். இன்று அதே பெயர் தாங்கிய வட்டத்துக்கு ஒரு முழம் கடற்கரைகூட இல்லை. கடல் எங்கும் போய்விடவில்லை. தாலுகாதான் துண்டு துண்டாகக் கழன்று போனது.

இந்தக் கதையைச் சொல்ல நான் கூடுவாஞ்சேரியைத் தேர்ந்தெடுக்கக் காரணம், எல்லாத் துண்டுகளுக்கும் ஓரமாக நிற்கும் ஊர் அது என்பதுதான்.

முதலில் நிலத்தைப் பார்த்துவிடுவோம். கூடுவாஞ்சேரியில் ஜி.எஸ்.டி. சாலையை விட்டுக் கிழக்கே நெல்லிக்குப்பம் சாலையில் இறங்கினால், கொட்டமேடு வழியாகச் சுமார் 20 கிலோமீட்டரில் திருப்போரூர். அங்கிருந்து இன்னும் கொஞ்சம் போனால் பக்கிங்காம் கால்வாய், அதைத் தாண்டினால் மணல்மேடு, அப்புறம் கடல். இந்த ஒரு வழியிலேயே பழைய தாலுகாவின் குறுக்குவெட்டு முழுவதும் கிடைத்துவிடும். மேற்கே செம்மண்ணும் பாறைக் குன்றுகளும். பல்லாவரத்தில் வெட்டியெடுத்து, கல்கத்தாவில் ஜாப் சார்னாக்கின் கல்லறைக்குக் கொண்டுபோய், அவர் பெயரையே வாங்கிக்கொண்ட சார்னோக்கைட் பாறை இந்தப் பக்கத்துக் கல்தான். நடுவில் ஏரிகளும் தாங்கல்களும் அவற்றின் கீழ் வயல்களும். கிழக்கே கேளம்பாக்கத்து உப்பளங்கள், முட்டுக்காட்டுக் கழிமுகம்.

வற்றாத ஆறு என்று ஒன்று இங்கே கிடையாது. பாலாறும் ஆண்டில் பெரும்பகுதி மணல்தான். ஐப்பசி, கார்த்திகையில் கொட்டுவதைப் பிடித்து வைத்துக்கொள்ள வேண்டும், இல்லையென்றால் அது நேரே கடலுக்கு. ஆகவே ஒரு ஏரியின் கலங்கல் வழிந்து அடுத்த ஏரியின் வரத்துக் கால்வாயில் விழும்படி, மேட்டிலிருந்து பள்ளத்துக்குச் சங்கிலியாக ஏரிகளை அமைத்தார்கள். செங்கல்பட்டை ஏரி மாவட்டம் என்று சொல்வது வெறும் பெருமைப் பேச்சு இல்லை. இங்கே ஊர் என்பதே ஏரிக்குக் கீழே இருப்பதுதான்.

இந்தச் சங்கிலிகள் தனித்தனித் திசைகளில் பிரிகிற மேட்டு விளிம்பில்தான் கூடுவாஞ்சேரி இருக்கிறது. நந்திவரம் ஏரி நிறைந்தால் அதன் உபரி வடக்கே ஊரப்பாக்கம், ஆதனூர்ப் பக்கம் போய் அடையாற்றில் சேர்கிறது. சென்னைக்காரர்கள் சைதாப்பேட்டைப் பாலத்தில் நின்று பார்க்கிற அடையாறு, தன் தலைப்பகுதியில் இந்த ஏரிகளின் கழிவுநீர்... இல்லை, அந்தச் சொல் இன்று வேறு பொருள் தருகிறது, உபரிநீர் என்றே வைத்துக்கொள்வோம். கிழக்கே கேளம்பாக்கம், தையூர்ப் பக்கத்து ஏரிகளின் உபரி முட்டுக்காட்டுக் கழிமுகத்துக்குப் போகிறது. தெற்கே செங்கல்பட்டு கொளவாய் ஏரியின் உபரி நீஞ்சல் மடுவு வழியாகப் பாலாற்றில் விழுகிறது. மூன்றும் கடைசியில் ஒரே கடலுக்குத்தான் போகின்றன, ஆனால் மூன்று வாசல் வழியாக.

சோழர் காலத்துத் தொண்டை மண்டலப் பிரிவுகளும் பெரிதும் இந்த வாட்டத்தையே ஒட்டியிருந்தன என்பது என் எண்ணம். வடக்கே பல்லாவரம், திருநீர்மலைப் பக்கம் புலியூர்க் கோட்டம். தெற்கே திருக்கழுக்குன்றத்தைச் சுற்றிக் களத்தூர்க் கோட்டம். கடலோரத்தில் மாமல்லபுரம் சேர்ந்தது ஆமூர்க் கோட்டம். கல்வெட்டில் நாடும் கோட்டமும் வரும் இடமெல்லாம் பக்கத்திலேயே ஏரியும் மதகும் வருகின்றன. அதற்கு மேல் இதை இழுக்க வேண்டாம், கோட்டங்களைப் பற்றி இத்தொடரின் தொடக்கத்திலேயே எழுதியாயிற்று.

இனி கும்பினி. 1763இல் ஆற்காட்டு நவாப் முகமது அலி, பட்ட கடனுக்கும் பெற்ற உதவிக்கும் ஈடாக, சென்னையைச் சுற்றியுள்ள நிலத்தைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராக எழுதிக் கொடுத்தார். முதல் பதினாறு, பதினேழு ஆண்டுகள் கம்பெனி அதை நவாபுக்கே குத்தகைக்கு விட்டுப் பணத்தை மட்டும் வாங்கிக்கொண்டது. 1780இல் நேரடி நிர்வாகத்துக்கு எடுத்த அதே ஆண்டில் ஹைதர் அலியின் குதிரைகள் வந்து சேர்ந்தன. ஊர்கள் காலியாயின, ஏரிக்கரைகள் உடைந்தன. இது நடப்பதற்குச் சற்று முன்னால், 1767 முதல் 1774 வரை, தாமஸ் பர்னார்டு என்ற பொறியாளர் ஜாகீரின் சுமார் 2,000 கிராமங்களை அளந்து கணக்கெடுத்திருந்தார். ஊர்க் கணக்கர்கள் தமிழில் எழுதிய ஓலைக்கட்டுகளை வைத்துத்தான் அந்த வேலையே நடந்தது. அவற்றில் ஒரு பகுதி இன்று தஞ்சைத் தமிழ்ப் பல்கலைக்கழகத்தில் இருக்கிறது. அதிலிருந்து திருப்போரூர், வடக்குப்பட்டு ஆகிய இரண்டு ஊர்களின் கணக்குகள் 2001இல் நூலாகவே வந்துவிட்டன.

அந்தக் கணக்கு முறையைப் பார்க்கிறவர்களுக்கு ஒன்று பளிச்சென்று தெரியும். ஊரின் மொத்த நிலம் எவ்வளவு என்று எழுதியவுடனே அதில் ஏரி, குளம், தோப்பு, நத்தம், களர், மலை எவ்வளவு என்று பிரித்துவிடுகிறார்கள். விளைச்சலில் யார் யாருக்கு எவ்வளவு மேரை என்பது அடுத்து வருகிறது. கணக்கன், தலையாரி, தச்சன், கொல்லன், கோயில், ஏரியைப் பராமரிக்க ஒரு பங்கு. அதாவது அரசாங்கத்தின் வாரம் கணக்காவதற்கு முன்பே ஏரிக்கு உரியதை ஊர் எடுத்து வைத்துவிட்டது. இந்தப் பங்கு பிற்காலத்தில் எப்படி அரசாங்கக் கஜானாவுக்குள் கரைந்தது என்பதுதான், என்னைக் கேட்டால், ஜாகீர் நிர்வாகத்தின் முழு வரலாறும்.

1794இல் லயனல் பிளேஸ் ஜாகீர் கலெக்டராக வந்தார். மதுராந்தகம் ஏரி காத்த ராமர் கதையில் வருகிற அதே பிளேஸ் துரைதான். கரை உடையப் போகிறது என்று நள்ளிரவு மழையில் போய்ப் பார்த்தபோது, வில்லேந்திய இருவர் கரையில் காவல் நின்றதாகக் கதை. பக்தியை அவரவர் விருப்பத்துக்கு விட்டுவிடுவோம். அவர் ஏரிகளைப் பழுதுபார்த்தார் என்பதில் ஐயமில்லை, வரியை உயர்த்தினார் என்பதிலும் ஐயமில்லை. எதிர்த்த மிராசுதாரர்களை, அதாவது பரம்பரை ஊர்நில உரிமையாளர்களை, அவர் கையாண்ட விதம் மென்மையானதல்ல. 1798இல் பதவியை விட்டவர், அடுத்த ஆண்டு எழுதிக் கொடுத்த நீண்ட அறிக்கையில் மிராசு உரிமையைப் பற்றி எழுப்பிய விவாதம், சென்னைக் கலெக்டர் எல்லிஸ் 1816இல் அதே பொருளில் பதில்கள் எழுதும் வரை ஓயவில்லை. இடையில் 1802இல் ஜாகீரை மிட்டாக்களாகப் பிரித்து விற்றுப் பார்த்தார்கள். வாங்கியவர்களில் பலர் கிஸ்தி கட்ட முடியாமல் கைவிட, நிலம் திரும்ப அரசாங்கத்திடமே வந்தது. கடைசியில் நிலைத்தது, உழவரிடம் நேரடியாக வரி வாங்கும் ரயத்துவாரி.

ரயத்துவாரி வந்ததும் தாலுகா ஆபீஸ் என்பதற்கு ஒரு கனம் வந்துவிட்டது. தாசில்தார், அவருக்குக் கீழே பிர்காவுக்கு ஒரு ரெவின்யூ இன்ஸ்பெக்டர், ஊருக்கு ஊர் மணியக்காரர், கர்ணம், தலையாரி. ஜூலை 1இல் பிறக்கும் பசலி ஆண்டு, அதை முடித்துக் கணக்கு சரிபார்க்கும் ஜமாபந்தி. கர்ணம் வீட்டு மரப்பெட்டிக்குள் ஊரே இருந்தது. ஏரியில் எத்தனை மதகு, ஆயக்கட்டு எவ்வளவு, மேய்க்கால் எது, வண்டிப்பாதை எது, யாருடைய அனுபவத்தில் எந்தப் புறம்போக்கு இருக்கிறது என்பதெல்லாம் அவருக்குத்தான் தெரியும். அதனால் அவருக்கு அஞ்சாதவர் ஊரில் இல்லை.

யாருக்கு நிலம் எழுதப்பட்டது என்பதைப் பார்த்தால் இந்த ஒழுங்கின் இன்னொரு முகம் தெரிகிறது. தரிசாகக் கிடக்கும் நிலத்தை வேறு யாராவது பட்டாவுக்குக் கேட்டால் மிராசுதாரருக்கே முதல் உரிமை என்ற நடைமுறையால், வயலில் உழைத்த ஒடுக்கப்பட்ட சாதியினருக்கு ஒரு குழி நிலம்கூடக் கிடைக்காமல் இருந்தது. 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் டிரெமன்ஹீர் இதை அறிக்கையாக எழுதினார். அதன் தொடர்ச்சியாக 1892 செப்டம்பர் 30இல் பிறந்த அரசாணையிலிருந்து கிளைத்ததுதான் பஞ்சமி நிலம். முதல் பத்தாண்டுகள் விற்கக்கூடாது, அதன்பிறகும் அதே மக்களுக்குள் மட்டுமே கைமாற வேண்டும் என்பது நிபந்தனை. நிபந்தனை தாளில் இருந்தது, நிலம் வேறு கைகளுக்குப் போனது. 1994 அக்டோபரில் காரணை ஊரின் பஞ்சமி நிலத்தை மீட்கப் போராடியவர்கள் மீது நடந்த துப்பாக்கிச் சூட்டில் இரண்டு பேர் இறந்தார்கள். காரணை இதே பழைய செங்கல்பட்டு தாலுகாவின் கடலோரப் பக்கம்தான். தாலுகா வரலாறு என்று சொல்லிக் கோட்டையும் கோயிலும் மட்டும் பேசுகிறவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

மாவட்டத் தலைநகரின் அலைச்சலைச் சொன்னால் கொஞ்சம் சிரிப்பு வரும். கருங்குழி, காஞ்சிபுரம் என்று மாறி மாறி இருந்த கலெக்டர் கச்சேரி, 1859இல் சைதாப்பேட்டைக்குப் போனது. செங்கல்பட்டு மாவட்டத்துக்குத் தலைமையிடம் சைதாப்பேட்டை! 1968 ஜூலை 1 முதல் அது காஞ்சிபுரம். அதற்குப் பிறகு செங்கை அண்ணா மாவட்டம், செங்கை எம்.ஜி.ஆர். மாவட்டம் என்று பெயர்கள் வந்து போயின. 1997 ஜூலை 1இல் காஞ்சிபுரம், திருவள்ளூர் என்று இரண்டாக உடைந்தபோது செங்கல்பட்டு என்ற பெயரே மாவட்ட வரைபடத்திலிருந்து போய்விட்டது. 2019 நவம்பர் 29இல் அது 37ஆவது மாவட்டமாகத் திரும்பி வந்தது. ஆகக் கூடுவாஞ்சேரியில் ஒரே வீட்டில் பிறந்த தாத்தா கலெக்டருக்கு மனுக் கொடுக்க வடக்கே சைதாப்பேட்டைக்கு ரயில் ஏறினார். மகன் மேற்கே காஞ்சிபுரத்துக்குப் பஸ் பிடித்தார். பேரன் தெற்கே செங்கல்பட்டுக்குப் போகிறான். வீடு அங்கேயேதான் இருக்கிறது.

மாவட்டம் அலைந்த அதே காலத்தில் தாலுகா சிறுத்துக்கொண்டே வந்தது. 2001 மக்கள்தொகைக் கணக்கெடுப்புக்குள் திருக்கழுக்குன்றம் தனி வட்டமாகிவிட்டது. மாமல்லபுரம், கல்பாக்கம், சதுரங்கப்பட்டினம் அதோடு போயின. பிறகு திருப்போரூர் பிரிந்தது. கோவளம், கேளம்பாக்கம், முட்டுக்காடு அதோடு போயின. கடல் அத்தோடு சரி. 2019இல் புது மாவட்டம் பிறந்தபோது வண்டலூர் என்று ஒரு புதிய வட்டம் வெட்டப்பட்டு, கூடுவாஞ்சேரி அதற்குள் வந்தது. வண்டலூர் வட்டத்துக்கும் கடல் இல்லை. செங்கல்பட்டு, செய்யூர், மதுராந்தகம், திருக்கழுக்குன்றம், திருப்போரூர், தாம்பரம், பல்லாவரம், வண்டலூர் என்று மாவட்டத்தில் எட்டு வட்டங்கள். பழைய தாலுகாவில் ஒரே தாசில்தார் உப்பளத்தையும் ஏரியையும் காட்டையும் பார்த்துக்கொண்டிருந்தார். அது திறமையான நிர்வாகம் என்று நான் சொல்ல வரவில்லை. ஒரு சாதிச் சான்றுக்குக் கோவளத்து மீனவர் செங்கல்பட்டு வரை வந்து காத்துக் கிடந்த காலத்துக்கு யாரும் ஏங்க வேண்டியதில்லை. பிரித்ததில் தவறில்லை, எதை வைத்துப் பிரித்தார்கள் என்பதுதான் கேள்வி. மக்கள்தொகை, சாலை, தேர்தல் இவைதான் அளவுகோலாக இருந்தன. எந்த ஏரி எந்த ஏரிக்குள் வழிகிறது என்பது எந்த அரசாணையிலும் அளவுகோலாக இல்லை.

இன்றைய கூடுவாஞ்சேரியை எடுத்துக்கொள்ளுங்கள். ஊராட்சி மன்றக் காலத்தைக் கடந்து, நந்திவரம்–கூடுவாஞ்சேரி என்ற பேரூராட்சியாக இருந்து, 2021இல் நகராட்சியாக உயர்ந்தது. சுற்றியுள்ள கிராமங்கள் காட்டாங்கொளத்தூர் ஊராட்சி ஒன்றியத்தில். வட்டம் வண்டலூர். மாவட்டம் செங்கல்பட்டு. சட்டமன்றத் தொகுதி செங்கல்பட்டு, ஆனால் நாடாளுமன்றத் தொகுதி காஞ்சிபுரம். 2022 ஜனவரியிலிருந்து காவல் நிலையம் தாம்பரம் மாநகரக் காவல் ஆணையரகத்தின் கீழ்; அதே தாம்பரத்தின் மாநகராட்சி எல்லையோ பெருங்களத்தூர், பீர்க்கன்காரணையோடு நின்றுவிடுகிறது. அஞ்சல் குறியீடு 603202. வண்டலூருக்கு 600048. ஆக அஞ்சல்காரருக்கு வண்டலூர் சென்னை, கூடுவாஞ்சேரி சென்னை இல்லை.

இந்த எல்லைகளில் பணத்தோடு சம்பந்தப்பட்டது சி.எம்.டி.ஏ. (சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழுமம்) கோடுதான். 1,189 சதுர கிலோமீட்டர் கொண்ட பழைய பெருநகரப் பகுதி ஜி.எஸ்.டி. சாலையில் வண்டலூரோடு முடிந்தது. ஊரப்பாக்கத்திலிருந்து டி.டி.சி.பி. (நகர் ஊரமைப்பு இயக்ககம்) ராஜ்ஜியம். கோட்டுக்கு அந்தப் பக்கம் ‘சி.எம்.டி.ஏ. அப்ரூவ்டு’, இந்தப் பக்கம் ‘டி.டி.சி.பி. அப்ரூவ்டு’, அதற்கும் கீழே ‘பஞ்சாயத்து அப்ரூவ்டு’ என்று மனை விளம்பரங்களில் ஒரு வருணாசிரமமே உருவாகியிருந்தது. பஞ்சாயத்துத் தலைவர் கையெழுத்து ஒன்றே போதும் என்று வயலுக்கு மஞ்சள் கல் நட்டார்கள். கூடுவாஞ்சேரி சார்பதிவாளர் அலுவலகத்து வாசலில் பத்திர எழுத்தர்களுக்கு ஓய்வே இல்லை. 2016 செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் அங்கீகாரமில்லாத மனைகளைப் பதியத் தடை போட்ட பிறகுதான் அந்த ஓட்டம் கொஞ்சம் நின்று மூச்சு வாங்கியது. 2022 அக்டோபரில் பெருநகரப் பகுதி 5,904 சதுர கிலோமீட்டராக விரிந்தபோது கூடுவாஞ்சேரியும் கோட்டுக்குள் வந்துவிட்டது. வயல்கள் எல்லாம் மனையாகி முடிந்த பிறகு வந்த கோடு அது.

கர்ணம் இருந்திருந்தால் இது நடந்திருக்குமா என்று ஊரில் சில பெரியவர்கள் கேட்பதுண்டு. எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. 1980இல் எம்.ஜி.ஆர். அரசு பரம்பரைக் கிராம அதிகாரிகள் முறையை ஒழித்தது நியாயமான காரியம். அந்த இடத்துக்குத் தேர்வெழுதி வந்தவர் கிராம நிர்வாக அலுவலர். ஆனால் கர்ணத்தின் தலையில் இருந்த ஏரிக் கணக்கு பதிவேட்டில் முழுதாக இறங்கவில்லை. அதே ஆண்டுகளில், 1979இலிருந்து 1987 வரை, நில உடைமை மேம்பாட்டுத் திட்டம், ஊர்ப் பேச்சில் யு.டி.ஆர்., நடந்தது. பட்டா யார் பெயரில் என்பதைப் புதுப்பித்த அந்தக் கணக்கு, வரத்துக் கால்வாயில் தண்ணீர் இன்னும் ஓடுகிறதா என்று கேட்கவில்லை. அது அதன் வேலையும் இல்லை. அந்த வேலை யாருடையது என்பதிலும் ஒரு பிரிவினை உண்டு: ஆயக்கட்டு 40 ஹெக்டேருக்கு மேல் என்றால் பொதுப்பணித் துறை ஏரி, இப்போது நீர்வளத் துறை. அதற்குக் கீழே என்றால் ஒன்றிய ஏரி. மேல் ஏரி ஒருவருக்கு, கீழ் ஏரி இன்னொருவருக்கு.

2015 டிசம்பர் 1இல் பெய்த மழை இந்தக் கோடுகளையெல்லாம் ஒரே இரவில் படித்துக் காட்டியது. மறுநாள் காலை வரையிலான 24 மணி நேரத்தில் தாம்பரத்தில் பதிவானது 49 சென்டிமீட்டர். செம்பரம்பாக்கம் ஏரியைப் பற்றி நாடே பேசியது. தெற்கே நடந்ததைப் பற்றி அவ்வளவு பேச்சு இல்லை. நந்திவரம் ஏரியிலிருந்து வழிந்த தண்ணீர் கூடுவாஞ்சேரி மகாலட்சுமி நகருக்குள் நுழைந்தது. ஊரப்பாக்கம், ஆதனூர், மண்ணிவாக்கம் ஏரிகளின் உபரி ஒன்றுசேர்ந்து வரதராஜபுரத்தையும் முடிச்சூரையும் மூழ்கடித்தது. படகில் ஆட்களை மீட்டார்கள்.

அந்தத் தண்ணீரின் பாதையை இன்றைய வரைபடத்தில் வைத்துப் பாருங்கள். நந்திவரம் செங்கல்பட்டு மாவட்டம், வண்டலூர் வட்டம். ஆதனூர் காஞ்சிபுரம் மாவட்டம், குன்றத்தூர் ஒன்றியம். மண்ணிவாக்கம் மறுபடி செங்கல்பட்டு மாவட்டம், காட்டாங்கொளத்தூர் ஒன்றியம். வரதராஜபுரம் மறுபடி காஞ்சிபுரம். ஒட்டியிருக்கும் முடிச்சூர் செங்கல்பட்டு மாவட்டம், தாம்பரம் வட்டம். சில கிலோமீட்டருக்குள் ஒரே நீரோட்டம் இரண்டு மாவட்டங்களுக்குள் மாறி மாறிப் புகுந்து வருகிறது. 2015இல் இவையெல்லாம் ஒரே காஞ்சிபுரம் மாவட்டத்துக்குள் இருந்தன. குறைந்தபட்சம் ஒரே கலெக்டரிடம் மனுக் கொடுக்க முடிந்தது. நாலே ஆண்டில் மாவட்டத்தைப் பிரித்தபோது அடையாற்றின் தலைப்பகுதிக்குக் குறுக்கே கோடு போட்டுவிட்டார்கள். வெள்ளத்துக்குப் பிறகு அடையாற்றை ஆதனூரிலிருந்து அகலப்படுத்தினார்கள், முடிச்சூர்ப் பக்கம் மூடு கால்வாய்கள் கட்டினார்கள். நல்ல வேலைதான். ஆனால் அதெல்லாம் தண்ணீரைச் சீக்கிரம் வெளியேற்றுவதற்கான ஏற்பாடு. மேலே ஏரிகளின் கொள்ளளவையும் வரத்துக் கால்வாய்களையும் மீட்பது வருவாய்த் துறை கையில் இருக்கிறது, அதாவது இரண்டு கலெக்டர்கள், அவர்களுக்குக் கீழே தனித்தனித் தாசில்தார்கள் கையில்.

2023 டிசம்பர் 30இல் கிளாம்பாக்கத்தில் புதிய பேருந்து முனையம் திறந்தபோது, தென்மாவட்ட மக்களுக்குச் சென்னையின் வாசல் கூடுவாஞ்சேரிக்குப் பக்கத்திலேயே வந்துவிட்டது. அந்த முனையத்தைப் பற்றி எழுந்த கேள்விகளில் ஒன்று, மழைநீர் எங்கே போகும் என்பது. அதற்கான வடிகாலும் ஊரப்பாக்கம் பக்கமாகத்தான் போக வேண்டியிருக்கிறது, ஆதனூரை நோக்கி.

அடுத்த இதழில் தாலுகாவின் தெற்கெல்லைக்குப் போவோம்: சதுரங்கப்பட்டினத்தில் டச்சுக்காரர்கள் கட்டிய கோட்டையும், அதற்குத் தெற்கே பாலாறு கடலில் கலக்கும் இடமும்.